கண்ணில் ஒற்றிய ரவைக்கூடு

டென்மார்க்கில், கோல்டிங் நகரில் உள்ள எங்கள் தமிழ் மன்றத்தின் மலர்க்குழுவிலிருந்து மூன்று முறை தொலைபேசி வந்துவிட்டது. "அண்ணை, பொலிசில இருந்த அனுபவத்தை எழுதித் தாங்கோ. இஞ்ச பிறந்த பிள்ளையளுக்கு உற்சாகமா இருக்கும்" என்றார் செயலாளர். உற்சாகம் தருகிற மாதிரி என்னிடம் அதிகம் இல்லை என்றேன். "அப்ப இருக்கிறதை எழுதுங்கோ" என்றார். மனுசன் விடுகிற ஆள் இல்லை என்று தெரிந்ததால் ஓம், எழுதுகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

அதே வாரம் பழைய சக பொலிஸ்காரர் ஒருவர் என்னைக் கடையில் கண்டு ஒரு செய்தி சொன்னார். கைத்துப்பாக்கிப் பயிற்சித் தாளை மறுபடி மாற்றிவிட்டார்களாம். தோட்டாக்கள் அடுக்கிய ரவைக்கூட்டை மாற்றும்போது கீழே விழுகிற பழைய கூட்டை இனி யாரும் குனிந்து எடுக்கத் தேவையில்லையாம். அது தாளில் ஆறாவது படியாக இருந்தது. அதற்குப் பின்னால் ஏழாவது படி என்று ஒன்றும் இருந்தது. அதைச் சில வருடங்களுக்கு முன்பே நீக்கிவிட்டார்கள். அந்த ஏழாவது படி என்னால் வந்தது. என் சேவைக்காலத்தில் நான் விட்டுச்சென்ற ஒரே அடையாளம் அதுதான், அதுவும் வெட்டப்பட்டுவிட்டது. எழுதுவதென்றால் அதைத்தான் எழுத வேண்டும்.

பத்தொன்பது வயதில் டென்மார்க் வந்தேன். எஸ்பியர்க் மீன் தொழிற்சாலையில் சில வருடம், மாலையில் மொழி வகுப்பு, பிறகு குடியுரிமை, கலியாணம். பொலிஸ் பள்ளிக்கு விண்ணப்பித்தபோது என் மாமனார் ஊரிலிருந்து தொலைபேசியில் கத்தினார். "அங்க துவக்குக்குப் பயந்து ஓடினனீர். இப்ப அங்க போய்த் துவக்குத் தூக்கப் போறீரோ?" நியாயமான கேள்விதான், ஊர்ப்போரில் துப்பாக்கிக்குப் பயந்து வந்தவன்தான் நான். நிரந்தர வேலை, சீருடை, நாலு பேர் மதிப்பார்கள் என்ற ஆசை, இவ்வளவுதான் காரணம். பள்ளிக் காலத்தைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. ஓடினேன், படித்தேன், குளிரில் நடுங்கினேன், தேறினேன்.

கோல்டிங்கில் என்னைப் போட்ட பிறகுதான் போல் என்பவரைச் சந்தித்தேன். போல் எங்கள் மாவட்டத்தின் தலைமைச் சுடுபயிற்றுநர். டேனிஷ் மொழியில் மேலதிகாரிக்கும் 'நீ'தான். ஆனால் தமிழில் எழுதும்போது போலுக்கு 'நீ' போட என் கை வராது, அதனால் நான் அவரிடம் பேசியதை 'நீங்கள்' என்றே எழுதுகிறேன். நாட்டின் மேற்குப் பக்கம், யூலாந்துக் கரையில் பிறந்தவர். அந்தப் பக்கத்து ஆட்கள் சொல்லை அளந்து பேசுவார்கள். போல் அவர்களுக்குள்ளும் கஞ்சன். பத்து ரவையையும் நடுப்பொட்டில் போட்டவனுக்கு அவர் தரும் உச்சப் பாராட்டு "அவ்வளவு மோசமில்லை." தன் மகள் பிறந்த செய்தியையும் அதே சொற்களில்தான் அறிவித்தார் என்று எங்கள் சாப்பாட்டறையில் சொல்லிச் சிரிப்பார்கள். பிழை செய்தால் கத்த மாட்டார். பின்னால் வந்து நின்று, இரண்டு விரலால் உங்கள் முழங்கையைத் தொட்டு, அது இருக்க வேண்டிய இடத்துக்கு நகர்த்திவிட்டுப் போய்விடுவார்.

"உடம்போடு சண்டை பிடிக்காதே" என்பது அவருடைய ஒரே பாடம். பயந்த நேரத்தில் மனிதனுக்கு விரல் நுனி வேலை செய்யாது, கண் ஒரே இடத்தில் ஒட்டிக்கொள்ளும், காது அடைத்துப்போகும். அந்த நேரத்தில் புத்தியைக் கூப்பிட்டால் அது வராது. ஆகவே உடம்பு தானாகச் செய்கிற அசைவுகளைக் கொண்டே ரவைக்கூடு மாற்றப் பழக வேண்டும் என்பார்.

ரவைக்கூடு என்றால் என்னவென்று என் வயதுக்காரருக்குத் தெரியும், சொல்லித்தான் தெரிய வேண்டும் என்றில்லை. இங்கே பிறந்த பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன்: ரவைகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய உலோகக் கூடு. பிஸ்டலின் பிடிக்குள் கீழிருந்து செருகுவது. அதை மாற்றும்போது வலது முழங்கை விலாவோடு வந்து ஒட்ட வேண்டும். முழங்கை ஒட்டினால் பிஸ்டல் ஒவ்வொரு முறையும் முகத்துக்கு முன்னால் அதே இடத்துக்குத்தான் வரும். குனிந்து தேடத் தேவையில்லை, கண் எதிரில் இருப்பவன்மேலேயே இருக்கும். பெருவிரல் பொத்தானை அழுத்த, பழைய கூடு தன் பாரத்தில் விழும். அதற்குள் இடது கை இடுப்பிலுள்ள புதிய கூட்டை எடுத்திருக்க வேண்டும், சுட்டுவிரல் கூட்டின் முன்பக்கத்தில் நீட்டியபடி. விரல் எங்கே காட்டுகிறதோ அங்கே கூடு போகும். பிறகு உள்ளங்கையால் ஒரு தட்டு. இவ்வளவுதான். மூன்று விநாடி வேலைக்கு, விழுந்த கூட்டை எடுப்பதையும் சேர்த்து, ஆறு படி.

எனக்கு அது வரவில்லை. ரவைக்கூடு மாற்றும் ஒவ்வொரு முறையும் என்னை அறியாமல் பிஸ்டலை இடது கைக்கு மாற்றி, புதிய கூட்டை வலது கையால் எடுத்துச் செருகிக்கொண்டிருந்தேன். போல் முழங்கையைத் தொட்டுத் தொட்டுக் களைத்துப்போனார். மற்றவர்கள் சிரித்தார்கள். காரணம் எனக்குத் தெரியும், சொல்லத்தான் வெட்கம். பிறந்ததிலிருந்து எதையும் இடது கையால் கொடுத்தும் அறியேன், வாங்கியும் அறியேன். இடது கையை நீட்டினால் அம்மா அதன் மேலேயே ஒன்று போடுவா. அந்தக் கையை நம்பி உயிர் காக்கும் வேலையை ஒப்படைக்க என் உடம்பு சம்மதிக்கவில்லை. பருவத் தேர்வில் தேறாவிட்டால் பிஸ்டல் கிடையாது, பிஸ்டல் இல்லாவிட்டால் தெருவில் வேலை கிடையாது.

அந்தச் சமயத்தில் போலை வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டேன். கூப்பிடச் சொன்னவள் என் மனைவி ரஞ்சி. "அந்த மனுசன் பாவம், உங்களோட மல்லுக்கட்டுறார். ஒரு நேரம் நல்லாச் சாப்பிடட்டும்" என்றாள். இடியப்பமும் சொதியும் மீன் குழம்பும். போல் முள்ளுக்கரண்டியால் இடியப்பத்தைச் சுற்றியபடி, என் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் அவரைப் பார்த்துக் கதைத்தபடி சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

"உன் வாய் எங்கே இருக்கிறது என்று நீ பார்க்கவில்லையே" என்றார் திடீரென்று.

"ஏன் பார்க்க வேண்டும்?"

"கண்ணை மூடு. இரண்டு சுட்டுவிரல் நுனியையும் நெஞ்சுக்கு முன்னால் சேர்."

கையைக் கழுவி வந்து செய்தேன். முதல் முறை விரல்கள் ஒரு நூலளவு தப்பின. இரண்டாம் முறை சரியாகச் சேர்ந்தன.

"உன் இடது கை குருடு இல்லை" என்றார் போல். "கூச்சப்படுகிறது."

ரஞ்சி அவருக்குத் தனக்குத் தெரிந்த டேனிஷில் விளக்கினாள், எங்கட ஆக்கள் இடக்கையால் யாருக்கும் ஒன்றும் கொடுப்பதில்லை என்று. போல் சொதியைக் கரண்டியால் குடித்தார். பிறகு என்னிடம் சொன்னார்: "அது யாருக்கும் கொடுக்கவில்லை. உன் வலது கைக்குத்தான் கொடுக்கிறது. வீட்டு ஆள்தானே."

சிரிப்பு வந்தது. ஆனால் அடுத்த வாரம் பயிற்சிக் கூடத்தில் கை மாறவில்லை. விலாவில் முழங்கை ஒட்டியது, இடது கை விரலை நீட்டிக்கொண்டு வந்தது, கூடு ஏறியது. பின்னாலிருந்து "அவ்வளவு மோசமில்லை" என்று கேட்டது. வீட்டுக்கு வந்து ரஞ்சிக்கு ஒரு கரண்டியை வைத்துச் செய்து காட்டினேன்.

ஐந்தாறு வருடம் கழித்துப் போல் என்னையும் பயிற்றுநர் ஆக்கினார். எவனுக்கு உடம்பு சொல்வழி கேட்கவில்லையோ அவன்தான் நன்றாகச் சொல்லிக்கொடுப்பான் என்பது அவர் கணக்கு. அதன் பிறகு என் சேவைக்காலம் முழுக்க மூக்கில் வெடிமருந்து வாசத்தோடு, காதுமூடியோடு, ஒரே ஆறு படியைத் திருப்பித் திருப்பிச் சொன்னேன். இந்த நாட்டில் பெரும்பாலான பொலிஸ்காரர் பயிற்சிக் கூடத்துக்கு வெளியே ஒரு ரவைகூடச் சுடாமல் ஓய்வு பெறுகிறார்கள். நானும் அப்படித்தான். ஒருவரும் பாவிக்கக்கூடாது என்று ஆசைப்பட்டுக்கொண்டே ஒன்றை ஒழுங்காகச் சொல்லிக்கொடுப்பது எவ்வளவு களைப்பான வேலை என்பதை என்னால் யாருக்கும் விளங்கப்படுத்த முடிந்ததில்லை.

இனி ஏழாவது படிக்கு வருகிறேன்.

விழுந்த கூடு பயிற்சியில் காலடியில்தான் கிடக்கும். காலில் உள்ள சப்பாத்துப் படும், சில நேரம் மிதிபடும். கடைசியில் குனிந்து எடுத்துச் சட்டைப்பையில் போட வேண்டும், அது ஆறாவது படி. நான் எடுக்கும்போது கால் பட்ட கூட்டைக் கண்ணில் ஒற்றிக்கொண்டுதான் பையில் போடுவேன். புத்தகத்தில் கால் பட்டால் செய்கிறோமே, ஆளில் கால் பட்டால் தொட்டுச் செய்கிறோமே, அதே பழக்கம். மீன் தொழிற்சாலையில் கீழே விழுந்த கத்தியை அப்படிக் கண்ணுக்குக் கிட்டக் கொண்டுபோய் மேற்பார்வைக்காரியிடம் ஏச்சு வாங்கியிருக்கிறேன். செய்கிறேன் என்பதே எனக்குத் தெரியாது.

ஒரு நாள் போல் என் வகுப்பைப் பார்க்க வந்தார். எட்டுப் பேர் வரிசையாக நின்று கூடு மாற்றினார்கள், குனிந்தார்கள், எடுத்தார்கள், எட்டுப் பேரும் கூட்டை உயர்த்தி நெற்றிக்கும் கண்ணுக்கும் இடையில் தொட்டுவிட்டுப் பையில் போட்டார்கள். யூலாந்து விவசாயக் குடும்பத்துப் பிள்ளைகள், கோயில் வாசலையே கண்டிராதவர்கள், தேருக்கு வந்த சனம் போல நின்றார்கள். நான் காட்டியதைத்தான் செய்கிறார்கள் என்று அப்போதுதான் உறைத்தது.

வகுப்பு முடிந்ததும் போல் கேட்டார். "இது என்ன?"

உண்மையைச் சொல்லியிருக்கலாம். ஒரு வசனம் போதும். ஆனால் அந்த உடுப்புக்குள் வந்த நாளிலிருந்து நான் பட்ட பாடெல்லாம் மற்றவர்களைப் போல இருப்பதற்காகத்தான். சாப்பாட்டறையில் கறி வாசத்துக்கே பகிடி விடுகிறவர்களுக்கு இதையும் கொடுக்க மனம் வரவில்லை.

"கூட்டில் ரவை மிச்சம் இருக்கிறதா என்று பார்ப்பதற்கு" என்றேன். "பக்கத்தில் துளைகள் இருக்கின்றனவே. கண்மட்டத்துக்கு உயர்த்தினால் தெரியும்."

போல் என்னைப் பார்த்தார். கூட்டைக் கையில் வாங்கித் துளைகளைப் பார்த்தார். "அவ்வளவு மோசமில்லை" என்றார். அடுத்த பருவத்துப் பயிற்சித் தாளில் ஏழாவது படி அச்சாகி வந்தது: பழைய கூட்டைக் கண்மட்டத்துக்கு உயர்த்திச் சரிபார். நான் சொன்ன பொய் தாளில் ஏறி மாவட்டம் முழுக்கப் போனது. வெட்கமாகவும் இருந்தது, உள்ளுக்குள் கொஞ்சம் புளுகமாகவும், பெருமையாகவும் இருந்தது. மறைக்க மாட்டேன்.

அந்த எட்டுப் பேரில் ஒருவன் ஹென்றிக். பன்றிப் பண்ணைக்காரரின் மகன், பெரிய கைகள், மெதுவான பேச்சு. காட்டியதை அச்சொட்டாக அப்படியே செய்வான். கூட்டவும் மாட்டான், குறைக்கவும் மாட்டான். நான் ஒரு நாள் இருமிக்கொண்டு காட்டினால் அவனும் இருமுவான் என்று மற்றவர்கள் நையாண்டி பண்ணுவார்கள். பதினைந்து வருடம் பருவத்துக்குப் பருவம் என்னிடம் வந்தான்.

நான் ஓய்வு பெறச் சில மாதங்கள் இருக்கும்போது அது நடந்தது. எஸ்பியர்க்குக்கு வெளியே ஒரு கடைத்தொகுதியின் வாகனத் தரிப்பிடம், பட்டப்பகல். முப்பது வயது மதிக்கத்தக்க ஒருவர், மனநோய்க்கு மருந்து எடுப்பவர், கோடாலியோடு ஆட்களைத் துரத்திக்கொண்டிருந்தார். முதலில் போய்ச் சேர்ந்தவன் ஹென்றிக். நிற்கச் சொல்லிக் கத்தினான், வானத்தை நோக்கிச் சுட்டான், அவர் நிற்கவில்லை. பிறகு அவரைச் சுட்டான். அவர் அங்கேயே இறந்துபோனார்.

பொலிஸ்காரர் ஒருவர் சுட்டு ஆள் இறந்தால் பொலிசுக்கு வெளியே உள்ளவர்கள் விசாரிப்பார்கள். அது முறை, அதில் எனக்குக் குறை இல்லை. ஆனால் யாரோ ஒருவர் காருக்குள்ளிருந்து தொலைபேசியில் வீடியோப் படம் எடுத்திருந்தார். அதில் ஹென்றிக் சுடுகிறான், அந்த மனிதர் விழுகிறார், கோடாலி தள்ளிப்போய்க் கிடக்கிறது. ஹென்றிக்கின் முழங்கை விலாவுக்கு வருகிறது. பழைய கூடு விழுகிறது, புதியது ஏறுகிறது. ஹென்றிக் குனிகிறான். சப்பாத்தடியில் கிடந்த கூட்டை எடுக்கிறான், முகத்துக்குக் கொண்டுபோகிறான், பையில் போடுகிறான். அதற்குப் பிறகுதான் ஓடிப்போய் அந்த மனிதரின் காயத்தை அழுத்துகிறான்.

படம் எல்லா இடமும் பரவியது. ரவைக்கூட்டை முத்தமிட்ட பொலிஸ்காரன் என்று எழுதினார்கள். ஆளைக் கொன்றுவிட்டுக் கொண்டாடுகிறான் என்றார்கள். என் மகளே அந்தப் படத்தை என்னிடம் காட்டி டேனிஷில் கேட்டாள், "அப்பா, இந்த ஆள் என்ன செய்கிறான்?" நான் எழுந்து போய்விட்டேன்.

ஹென்றிக்கைப் பயிற்றுவித்தவர் என்ற முறையில் என்னை விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். நடத்தியவர் ஒரு பெண் சட்டத்தரணி. ஐம்பது வயதிருக்கும், மூக்குக் கண்ணாடியைத் தலையில் ஏற்றி வைத்திருந்தார், குரல் உயரவே இல்லை. மேசையில் தண்ணீர்ச் சாடி, இரண்டு கோப்பை, கடதாசிகள் அடுக்கிய ஒரு தடித்த கோவை, கணினி. படத்தைச் சத்தமில்லாமல் ஓடவிட்டார். முடிந்ததும் திரும்ப ஓடவிட்டார். மூன்றாம் முறை நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"ஆள் விழுந்துவிட்டார். ஆயுதம் கையில் இல்லை. ஏன் மறுபடியும் நிரப்பினார்?" என்று கேட்டார்.

"அமைதி கிடைத்ததும் நிறைந்த கூட்டைப் போட வேண்டும் என்பது பயிற்சி. யோசித்துச் செய்வதில்லை. கை செய்யும்."

"தான் கூடு மாற்றியது தனக்குத் தெரியாது என்கிறார் ஹென்றிக். படத்தைப் பார்த்துத்தான் தெரிந்ததாம். நம்ப வேண்டுமா?"

"நம்பலாம். தெரியாமல் செய்ய வேண்டும் என்றுதான் நான் பழக்கினேன்."

அவர் எழுதிக்கொண்டார். பயிற்சித் தாளை எடுத்து ஏழாவது படியில் விரல் வைத்தார். "முகத்துக்குக் கொண்டுபோனதற்கு இதைச் சொல்கிறார். சரிபார்த்தாராம்." பிறகு கணினியில் படத்தை நிறுத்திப் பெரிதாக்கினார். ஹென்றிக்கின் முகம் மங்கலாக, ஆனால் போதுமான அளவுக்குத் தெரிந்தது.

"கண் மூடியிருக்கிறது" என்றார். "கண்ணை மூடிக்கொண்டு எதைச் சரிபார்க்கலாம்?"

அவன் காட்டியதை அச்சொட்டாகச் செய்பவன். நான் கண்ணை மூடி ஒற்றினேன், அவனும் கண்ணை மூடி ஒற்றினான். பதினைந்து வருடத்தில் நான் அதைக் கவனிக்கவே இல்லை.

இப்போது நிலைமை இதுதான். சரிபார்த்தேன் என்று அவன் சொன்னது பொய்யாகிவிட்டது. ஒன்றில் பொய் சொன்னவன் மற்றதிலும் சொல்வான் என்றாகும். கூடு மாற்றியது தெரியாது என்பதும் பொய்யாகும், அப்போது அந்தப் பழிவார்த்தை நிலைத்துவிடும்: கொன்றான், இன்னும் கொல்லத் தயாரானான், முத்தமிட்டான், அதற்குப் பிறகுதான் காயத்தைப் பார்த்தான். அவன் சிறைக்குப் போகலாம். நான் வாய் திறந்தால் என் பெயர் கெடும், போலின் தாள் கெடும். ஓய்வுக்கு முன்னால் சேவையின் கடைசிப் பக்கத்தில் பொய்யன் என்று ஏறும். தண்ணீர் கேட்டேன். அவர் ஊற்றித் தந்தார். குடித்துவிட்டுக் கோப்பையை மேசையில் வைத்தேன்.

"அது சரிபார்ப்பு இல்லை" என்றேன். "அது என்னுடைய பழக்கம். அவன் என்னைப் பார்த்துப் பழகியது. தாளில் இருப்பது நான் போலுக்குச் சொன்ன பொய்."

விளக்கினேன். மதிப்பான ஒன்றில் கால் பட்டால் தொட்டுக் கண்ணில் ஒற்றுவோம், பிழை பொறுக்கச் சொல்லி. புத்தகம், கருவி, ஆள், எதுவானாலும். அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. தன் மாணவனைக் காப்பாற்ற நல்ல கதை கட்டுகிறான் என்று நினைத்திருக்கலாம். அவருடைய இடத்தில் நான் இருந்தாலும் அப்படித்தான் நினைத்திருப்பேன்.

அவர் மேசையிலிருந்த கோவையை எடுத்தார். ஹென்றிக்கின் வழக்குக் கோவை. குனிந்து என் சப்பாத்துக்கு முன்னால் தரையில் வைத்தார்.

"மிதியுங்கள்" என்றார்.

நான் எழுந்து நின்றேன். என்னால் முடியவில்லை. சிரிப்பீர்கள், ஓய்வு பெறப்போகிற பொலிஸ்காரன், கடதாசிக் கட்டு ஒன்றின் மேல் கால் வைக்க ஏலாமல் நின்றேன். கால் எழும்பியது, அந்தரத்தில் நின்றது, இறங்க மறுத்தது. "மிதியுங்கள்" என்றார் மறுபடி, கொஞ்சம் மென்மையாக. பல்லைக் கடித்துக்கொண்டு சப்பாத்து நுனியை விளிம்பில் வைத்து எடுத்தேன்.

அடுத்து எனக்குத் தெரிந்தது, நான் குனிந்து நிமிர்ந்துவிட்டேன், என் விரல்கள் என் இமைமேல் இருந்தன.

கண்ணைத் திறந்தபோது அவர் என்னைப் பார்க்கவில்லை. கணினியில் உறைந்திருந்த ஹென்றிக்கின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மூக்குக் கண்ணாடியை இறக்கிப் போட்டுக்கொண்டு நெடுநேரம் எழுதினார். நான் கோவையை எடுத்து மேசையில் வைத்தேன். இரண்டு கையாலும் வைத்தேன் என்று நினைக்கிறேன்.

வீட்டுக்கு வந்து போலுக்குத் தொலைபேசி எடுத்தேன். அவர் அப்போது ஓய்வு பெற்று, கடற்கரைப் பக்கம் ஒரு சிறிய வீட்டில் தனியாக இருந்தார். எல்லாவற்றையும் சொன்னேன். உங்கள் தாளில் பொய்யை ஏற்றியது நான், மன்னித்துக்கொள்ளுங்கள் என்றேன்.

"எனக்குத் தெரியும்" என்றார் போல். "உன் கண் மூடியிருந்ததே. நான் கண் தெரிந்த ஆள்."

"பிறகு ஏன் தாளில் போட்டீர்கள்?"

"நீ அதை நிறுத்திவிடக் கூடாது என்றுதான். தாளில் இருந்தால் யாரும் உன்னைக் கேட்க மாட்டார்கள்." பிறகு, "அது பிழையாகப் போய்விட்டது" என்றார். போல் ஒன்றைப் பிழை என்று சொல்லி நான் கேட்டது அந்த ஒரு முறைதான்.

ஹென்றிக்மேல் வழக்கு இல்லை என்று கடிதம் வர மாதங்கள் எடுத்தன. அதற்குள் நான் ஓய்வு பெற்றிருந்தேன். கேக் வெட்டினார்கள், கைகொடுத்தார்கள். ஏழாவது படி சத்தமில்லாமல் தாளிலிருந்து போனது. ஹென்றிக் தெருவேலைக்குத் திரும்பவில்லை. அலுவலகத்தில் ஒரு மேசை கேட்டு வாங்கிக்கொண்டான்.

ஒரு நாள் காலையில் எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றான். ரஞ்சி கோப்பி போட்டுக் கொடுத்தாள். அவன் மெலிந்திருந்தான், அந்தப் பெரிய கைகள் மட்டும் அப்படியே இருந்தன.

"அது மன்னிப்புக் கேட்பதற்கு என்று அந்தச் சட்டத்தரணி சொன்னார்" என்றான்.

"ஓம்" என்றேன் தமிழில். பிறகு டேனிஷில் சொன்னேன்.

"அப்படியென்றால் அன்று நான் மன்னிப்புக் கேட்டிருக்கிறேன்."

"கேட்டாய்."

"ரவைக்கூட்டிடம்" என்றான். கோப்பையைக் கீழே வைத்தான். "அந்த ஆள் நாலு அடி தள்ளிக் கிடந்தார்."

அவன் கைக்கு அதைப் பழக்கியவன் நான். எனக்கு அழுகை வந்தது, ரஞ்சி எழுந்து குசினிக்குள் போய்விட்டாள். அந்த நாலு அடியைப் பற்றி இன்றைக்கும் யோசிக்கிறேன். உடனே ஓடியிருந்தாலும் பிழைத்திருக்க மாட்டார் என்று மருத்துவர்கள் சொல்லியிருந்தார்கள். அது ஹென்றிக்குக்கும் தெரியும், எனக்கும் தெரியும். தெரிந்து என்ன.

பிறகு அவன் தன் வருகையின் காரணத்தைச் சொன்னான். இறந்தவரின் தாய் கடிதம் எழுதியிருந்தார். அவனைப் பார்க்க வேண்டும், ஏன் என்று தனக்கே தெரியவில்லை, விரும்பினால் வரலாம் என்று இரண்டு வரி. தனியாகப் போகப் பயமாக இருக்கிறது, கூட வர முடியுமா என்று கேட்டான்.

நான்தான் கார் ஓட்டினேன். எஸ்பியர்க் தாண்டி ஒரு சிறிய ஊர், சிவப்புச் செங்கல் வீடு. கதவைத் திறந்தவருக்கு எழுபது வயதிருக்கும், வெள்ளைத் தலைமயிர் குட்டையாக வெட்டியிருந்தது. கைகொடுக்கவில்லை. "உள்ளே வாருங்கள்" என்றார், அவ்வளவுதான். வாசல் நடை ஒடுக்கம். ஹென்றிக் தன் சப்பாத்தைக் கழற்றக் குனிந்தபோது அவன் கால் பட்டு, சுவரோரம் இருந்த ஒரு சோடி வேலைச் சப்பாத்து சரிந்து விழுந்தது. ஆண்பிள்ளைச் சப்பாத்து, பெரியது, சேறு காய்ந்திருந்தது. யாருடையது என்று கேட்கத் தேவை இருக்கவில்லை.

ஹென்றிக் குனிந்து சப்பாத்தை எடுத்தான். முழங்கை விலாவோடு ஒட்டியது. கை உயர்ந்தது, அந்தச் சப்பாத்து அவன் நெற்றியில் பட்டது, கண் மூடிக்கொண்டது. இம்முறை அவன் அதை உடனே இறக்கவில்லை. வாசல் நடையில் அப்படியே நின்றான், தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

அந்த அம்மா பார்த்துக்கொண்டு நின்றார். அது என்ன என்று கேட்டால் சொல்வதற்கு நான் சொற்களைத் தேடிக்கொண்டிருந்தேன், வாழ்க்கை முழுக்கத் தேடியது போல. அவர் கேட்கவில்லை. கிட்ட வந்து ஹென்றிக்கின் கையிலிருந்து சப்பாத்தை மெல்ல வாங்கி, இருந்த இடத்திலேயே சோடியாக வைத்தார். பிறகு அவன் கையைப் பிடித்துக்கொண்டார்.